நியூபோர்ட் புல்தரையில் 31 புள்ளிகள்

1965ஆம் ஆண்டு அமெரிக்காவின் றோட் ஐலண்ட் மாநிலத்தில், நியூபோர்ட் என்னும் கடற்கரை நகரில் ஒரு ரெனிஸ் போட்டி நடந்தது. உலகின் மிகச் சிறந்த ஆட்டக்காரர்கள் சிலர் அதில் ஆடினார்கள். ஆனால் அவர்கள் ஆடியதை ரெனிஸ் என்று ஒப்புக்கொள்ளப் பலர் தயாராக இருக்கவில்லை. 15, 30, 40 என்ற பழைய எண்ணிக்கை அங்கே இல்லை. கேம் இல்லை, செற் இல்லை. மேசைப்பந்தில் எண்ணுவதுபோல ஒன்று, இரண்டு என்று 31 வரை எண்ணினார்கள். சேர்வ் போடுபவர் வழமையான பின்கோட்டிலிருந்து 3 அடி தள்ளி நின்றுதான் போடவேண்டும். பரிசுப்பணம் 10,000 டொலர். அதைக் கொடுத்தவர் ஜிம்மி வன் அலன் என்ற பரம்பரைச் செல்வந்தர். அவருடைய நிபந்தனை ஒன்றுதான்: என் காசு வேண்டுமானால் என் விதிப்படி ஆடவேண்டும்.

விளையாட்டு வரலாறுகளில் இந்தப் போட்டி ஒரு பணக்காரரின் பொழுதுபோக்காகவே பெரும்பாலும் சொல்லப்படுகிறது. எனக்கு அதில் வேறொரு கேள்வி. றொட் லேவர், கென் றோஸ்வோல் போன்ற ஆட்டக்காரர்கள் இதற்கு ஏன் சம்மதித்தார்கள்?

முதலில் வன் அலனின் கோபத்தைச் சொல்லவேண்டும். அன்றைய விதிப்படி, எதிராளியைவிட இரண்டு கேம் கூடுதலாக எடுத்தால்தான் ஒரு செற்றை வெல்லலாம். இருவரும் தத்தம் சேர்வை விட்டுக்கொடுக்காவிட்டால் அந்த செற்றுக்கு முடிவே கிடையாது. 1954இல் நியூபோர்ட்டில் நடந்த இறுதி ஆட்டத்தில் ஹமில்ரன் றிச்சட்சன், ஸ்ரெயிற் கிளாக்கை 6-3, 9-7, 12-14, 6-8, 10-8 என்று வென்றார். மொத்தம் 83 கேம்கள். போட்டியை நடத்திய வன் அலன் பொறுமை இழந்தார். ஆட்டம் எப்போது முடியும் என்று முன்கூட்டியே தெரியவேண்டும் என்பது அவரது வாதம். மாளிகை வாசிகளுக்கு இராச் சாப்பாடு ஆறிப்போகும் கவலை என்று நான் கிண்டலாக நினைப்பதுண்டு. ஆனால் அவர் சொன்னதில் நியாயம் இருந்தது.

நியாயம் இருந்தும் ரெனிஸ் சங்கங்கள் அசையவில்லை. விம்பிள்டனோ அமெரிக்க சம்பியன்ஷிப்போ அவருடைய விதிகளைத் தொட்டும் பார்க்கவில்லை. ஆகவே அவர் மறுக்க முடியாதவர்களைத் தேடிப் போனார்.

அவர்கள்தான் தொழில்முறை ஆட்டக்காரர்கள். 1968 வரை விம்பிள்டன் உட்படப் பெரிய போட்டிகள் எல்லாம் 'அமெச்சூர்'களுக்கு மட்டுமே உரியவை. ஆடுவதற்குக் கூலி வாங்குகிறேன் என்று ஒருவர் வெளிப்படையாகச் சொன்னால் வாசல் மூடப்படும். மேசைக்குக் கீழால் வாங்கினால் மூடப்படாது. அது எல்லோருக்கும் தெரிந்த இரகசியம். 1962இல் நான்கு பெரிய பட்டங்களையும் ஒரே ஆண்டில் வென்ற லேவர், அடுத்த வருடம் தொழில்முறைக்குப் போனதும் ஐந்து ஆண்டுகள் அந்தப் போட்டிகளில் ஆட முடியவில்லை. றோஸ்வோல் 1956இன் முடிவில் வெளியேறினார். பாஞ்சோ கொன்சாலெஸ் 1949இலேயே வெளியே போய்விட்டார்.

வெளியே போனவர்கள் எப்படிப் பிழைத்தார்கள்? ஊர் ஊராக. கூடைப்பந்து மண்டபங்களில், பனிச்சறுக்குத் தளங்களின் மேல், கூடவே கொண்டுபோன கன்வஸ் விரிப்பை விரித்து ஆடினார்கள். இரவு ஆட்டம் முடிந்ததும் விரிப்பைச் சுருட்டிக்கொண்டு அடுத்த நகரத்துக்குப் பயணம். சில இரவுகள் பிரமாதமாக அமைந்ததும் உண்டு. 1947 டிசம்பர் 26ஆம் திகதி நியூயோர்க் பெரும் பனிப்புயலில் முடங்கிக் கிடந்தபோது, ஜக் கிறேமரும் பொபி றிக்ஸும் ஆடியதைப் பார்க்க 15,114 பேர் வந்தார்கள். மற்ற இரவுகளைப் பற்றி அவ்வளவாக எவரும் எழுதி வைக்கவில்லை.

பின்னாளில் இதே கிறேமர்தான் தொழில்முறைக் குழுவுக்கு ஆள் சேர்த்தார். அவர் அழைத்தவர்களில் ஒரு தமிழரும் உண்டு. 1960இலும் 1961இலும் விம்பிள்டன் அரையிறுதி வரை சென்ற ராமநாதன் கிருஷ்ணன். அவர் மறுத்துவிட்டார். போயிருந்தால் டேவிஸ் கிண்ணத்தில் இந்தியாவுக்காக ஆட முடிந்திராது. 1966இல் இந்தியா இறுதியாட்டம் வரை சென்றபோது அவர் இருந்திருக்கமாட்டார்.

வன் அலனின் 10,000 டொலரை இந்தப் பின்னணியில் வைத்துத்தான் பார்க்கவேண்டும். 31 வரை எண்ணு என்றால் எண்ணுவார்கள். மூன்றடி பின்னால் நில் என்றால் நிற்பார்கள். நான் வேலை செய்யும் சமையலறையிலும் புதிய நேர அட்டவணை வந்தால் முதலில் அது விசா முடிவாகாதவனின் தலையில்தான் பரீட்சிக்கப்படும். சரிவந்தால் எல்லோருக்கும்; சரிவராவிட்டால் அவனுக்கு மட்டும். பல்கலைக்கழகத்தில் வரலாறு படித்து முடிக்காத எனக்கு அந்தப் பாடத்தின் மிச்சம் கோப்பை கழுவும் இடத்தில் கிடைத்தது. இதனால் வன் அலனைக் கொடியவர் என்று சொல்ல வரவில்லை. ஒழுங்கான புல்தரையும் ஒழுங்கான பணமும் கொடுத்தார். வாசல்களை மூடிவைத்த கனவான்கள் அதைக்கூடக் கொடுக்கவில்லை.

1968இல் வாசல் திறந்தது. தொழில்முறையாளர்களும் சேர்க்கப்பட்ட முதல் விம்பிள்டனை லேவர் வென்றார். விதி மட்டும் பழையதாகவே இருந்தது. 1969இல் அதே விம்பிள்டனில் 41 வயதுக் கொன்சாலெஸ் இளைஞரான சார்லி பசரெல்லுடன் மோதினார். 22-24, 1-6, 16-14, 6-3, 11-9. இரண்டு நாட்களில் 5 மணி 12 நிமிடம், 112 கேம்கள். கொன்சாலெஸ் வென்றார். அந்த ஆட்டத்தைக் காவியமாகப் பேசுவோர் பலர். நாற்பதைத் தாண்டிய மனிதனின் முழங்காலைப் பற்றியும் யாராவது பேசியிருக்கலாம்.

அடுத்த ஆண்டு அமெரிக்க ஓப்பின் போட்டியின் பொறுப்பாளர் பில் ரல்பேட், வன் அலனின் திட்டத்திலிருந்து ஒரு துண்டை மட்டும் எடுத்துக்கொண்டார். அதுதான் ரை-பிறேக். செற் 6-6 என்று நின்றால் 9 புள்ளிகள். முதலில் 5 எடுத்தவருக்கு செற். 4-4 என்று வந்தால் அடுத்த ஒரே புள்ளி இருவருக்கும் தீர்ப்பு. அந்தக் கட்டம் வந்ததும் மைதானத்தில் சிவப்புக் கொடி ஏற்றினார்கள். வன் அலன் அதற்கு வைத்த பெயர் 'திடீர்ச் சாவு'. அந்த வருட இறுதியாட்டத்தில் ரொனி றோச்சுக்கு எதிராக மூன்றாவது செற்றை ரை-பிறேக்கில் 7-6 என்று எடுத்துச் சம்பியனானவர், 35 வயதான கென் றோஸ்வோல். இதே பட்டத்தை அவர் முன்பு வென்றது 1956இல். இடையில் 14 ஆண்டுகள்.

31 புள்ளி எண்ணிக்கையும் மூன்றடிக் கோடும் நியூபோர்ட்டைத் தாண்டிப் பெரிதாகப் போகவில்லை. ஒன்பது புள்ளி ரை-பிறேக்கையும் அமெரிக்க ஓப்பின் 1975இல் கைவிட்டது. விம்பிள்டன் 1971இல் ஏற்றுக்கொண்டது, இரண்டு புள்ளி வித்தியாசம் வரும்வரை நீளக்கூடிய வேறொரு வடிவத்தை. இன்று நாம் காண்பது அதன் வழிவந்ததே. வன் அலனுக்கு அது பிடிக்கவில்லை. 'இழுபறிச் சாவு' என்று ஏளனம் செய்தார். விம்பிள்டன் கடைசி செற்றை மட்டும் ரை-பிறேக்குக்கு விடாமல் வைத்திருந்தது. அதனால்தான் 2010இல் ஜோன் இஸ்னரும் நிக்கொலா மயூவும் ஐந்தாவது செற்றை 70-68 வரை இழுத்தார்கள். முழு ஆட்டமும் 11 மணி 5 நிமிடம். நான்கு பெரிய போட்டிகளும் கடைசி செற்றுக்கு ஒரே விதமான ரை-பிறேக்கை வைத்தது 2022இல்தான்.

வன் அலன் 1991 யூலை 3ஆம் திகதி நியூபோர்ட்டில் காலமானார். அதே வாரம் விம்பிள்டன் அரையிறுதியில் மிக்கேல் ஸ்ரிக், முந்திய வருடச் சம்பியன் ஸ்ரெபான் எட்பேர்க்கை 4-6, 7-6, 7-6, 7-6 என்று தோற்கடித்தார். அந்த ஆட்டம் முழுவதிலும் எட்பேர்க் தன் சேர்வை ஒருமுறைகூட இழக்கவில்லை.