நளினி மலானி: அழிப்பதற்காக வரைந்தவர்

தான் வரைந்த ஓவியம் காலத்துக்கும் நிற்க வேண்டும் என்று தான் எந்த ஓவியரும் ஆசைப்படுவார். ஆனால் அழித்துவிடுவதற்காகவே வரைந்த ஓவியரும் உண்டு. அவர் தான் நளினி மலானி.

நளினி 1946ல் கராச்சியில் பிறந்தார். அடுத்த வருடமே பிரிவினை. குடும்பம் கைக்குழந்தையோடு கல்கத்தாவுக்கு வந்தது. பிறகு பம்பாயில் குடியேறியது. 1969ல் அங்குள்ள சர் ஜே.ஜே. கலைப் பள்ளியில் பட்டயம் பெற்றார். அதே வருடம் ஓவியர் அக்பர் பதம்சீ தொடங்கிய பட்டறையில் சேர்ந்து, புகைப்படத்திலும் சினிமாவிலும் பரிசோதனைகள் செய்தார். அங்கே இருந்த ஒரே பெண் கலைஞர் அவர் தான்!

1979ல் நியூயார்க்கில் பெண் கலைஞர்களே சேர்ந்து நடத்திய ஏ.ஐ.ஆர். காலரியைப் பார்த்தார். இந்தியாவிலும் அப்படி ஏன் செய்யக்கூடாது? 1987 முதல் 1989 வரை அர்பிதா சிங், நிலிமா ஷேக், மாதவி பரேக் ஆகியோருடன் சேர்ந்து, நான்கு பெண்கள் மட்டுமே பங்கேற்ற கண்காட்சியை ஊர் ஊராகக் கொண்டு போனார்.

1992ல் பம்பாய் கெமோல்ட் காலரியில் 'ஆசைகளின் நகரம்' என்ற கண்காட்சி. இதில் சட்டமும் இல்லை, துணியும் இல்லை. நேராகச் சுவரிலேயே வரைந்தார். ராஜஸ்தானின் நாத்துவாராவில் பழைய சுவரோவியங்கள் சிதைக்கப்பட்டு வந்ததற்கான எதிர்ப்பு அது. கண்காட்சி முடிந்ததும் எல்லாவற்றின் மேலும் வெள்ளை அடிக்கப்பட்டது. விற்பதற்கு எதுவும் மிஞ்சவில்லை. பார்த்தவர்களின் நினைவு மட்டும் தான் மிச்சம்.

அதே வருடம் டிசம்பரில் பாபர் மசூதி இடிக்கப்பட்டது. பம்பாயில் கலவரம் மூண்டது. நளினி நாடகம், வீடியோ என்று நகர்ந்தார்.

1998 மே மாதம் இந்தியாவும் பாகிஸ்தானும் அணுகுண்டுச் சோதனை நடத்தின. அதற்கு நளினியின் பதில் சதத் ஹசன் மண்டோவின் 'தோபா தேக் சிங்' கதையிலிருந்து பிறந்தது. பிரிவினைக்குப் பின் மனநோயாளிகளையும் இரு நாடுகளும் பரிமாறிக்கொள்ளும் கதை அது. அதன் நாயகன் எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாத நிலத்தில் விழுந்து கிடப்பான்.

நளினியின் படைப்பில் தரையில் பன்னிரண்டு டிரங்குப் பெட்டிகள், அவற்றுக்குள் டிவி பெட்டிகள். எதிரெதிர்ச் சுவர்களில் இரண்டு பெண்கள். இருவரும் சேர்ந்து ஒரு சேலையை மடிக்கப் பார்க்கிறார்கள். முடியவில்லை. நடுவே அணுகுண்டு வெடிக்கும் காட்சிகள். வீட்டில் அம்மாவும் மகளும் ஒரு நிமிடத்தில் முடிக்கும் வேலை. இடையில் எல்லைக்கோடு இருந்தால் அதுவும் நடப்பதில்லை.

பின்னாளில் ஒளி ஊடுருவும் உருளைகளில், கண்ணாடி ஓவியம் போலப் பின்பக்கமாக வரைந்து, அவற்றைச் சுழலவிட்டு நிழல் நாடகங்கள் செய்தார். 2012ல் ஜெர்மனியின் டாக்குமெண்டா கண்காட்சியில் இடம்பெற்றார். 2019ல் ஹுவான் மிரோ பரிசும், 2023ல் ஜப்பானின் கியோட்டோ பரிசும் பெற்றார்.

இவ்வளவு புகழ் வந்த பிறகும் சுவரில் வரைந்து, பின்னர் அழிக்க வைப்பதை அவர் விடவில்லை. 1947ல் டிரங்குப் பெட்டியோடு வீட்டை விட்டுக் கிளம்பியவர்களிடமும் கடைசியில் மிஞ்சியது நினைவு தானே?