மேல்முறையீடு செய்தால் வரி வசூல் தானாக நின்றுவிடுமா?



கடையின் விற்பனைப் பணத்தை வங்கியில் செலுத்தி வருகிறார் ஒரு வியாபாரி. கணக்குப் புத்தகம் சரியாக இல்லாததால், அந்தப் பணம் முழுவதையும் கணக்கில் வராத வருமானம் என்று அதிகாரி முடிவு செய்து, பத்து லட்சம் ரூபாய் வரி கேட்டு நோட்டீஸ் அனுப்புகிறார். வியாபாரி ஆடிட்டர் மூலம் மேல்முறையீடு செய்துவிட்டு, இனி கவலையில்லை என்று இருந்துவிடுகிறார். சில மாதங்களில் வங்கிக் கணக்கு முடக்கப்படுகிறது. ஊழியர் சம்பளம், பிள்ளைகளின் ஃபீஸ் எல்லாம் நின்றுபோகின்றன.

நம்மவர்களில் பலர் செய்யும் தவறு இது. மேல்முறையீடு வேறு, வசூலை நிறுத்திவைக்கும் உத்தரவு வேறு. முதலாவதைச் செய்தால் இரண்டாவது தானாகக் கிடைத்துவிடாது. அதைத் தனியாகக் கேட்டுப் பெற வேண்டும்.

சட்டம் என்ன சொல்கிறது?

இங்கு நாம் தரும் பிரிவு எண்கள் 1961-ஆம் ஆண்டின் வருமான வரிச் சட்டத்தின்படி உள்ளவை. 2026 ஏப்ரல் 1-ஐ அமல் தேதியாகக் கொண்ட 2025-ஆம் ஆண்டின் புதிய சட்டத்தில் எண்கள் வேறு.

நோட்டீஸ் கிடைத்த 30 நாட்களுக்குள் வரியைச் செலுத்த வேண்டும். ஆணையரிடம் (மேல்முறையீடு) படிவம் 35 தாக்கல் செய்யவும் அதே 30 நாட்கள்தான். கெடு தாண்டினால் மாதம் 1 சதவீதம் வட்டி ஏறும். வங்கிக் கணக்கிலிருந்து நேரடியாக எடுக்கவும் பிரிவு 226(3) அதிகாரம் தருகிறது.

ஆனால் பிரிவு 220(6), மேல்முறையீடு முடியும் வரை அவரை வரி செலுத்தத் தவறியவராகக் கருதாமல் இருக்க மதிப்பீட்டு அதிகாரிக்கு அதிகாரம் அளிக்கிறது. மத்திய நேரடி வரிகள் வாரியம் 2016 பிப்ரவரி 29 அன்று வெளியிட்ட குறிப்பாணைப்படி, தகராறில் உள்ள தொகையில் 15 சதவீதம் கட்டினால் மீதியை நிறுத்திவைக்கலாம். 2017 ஜூலை 31 அன்று இது 20 சதவீதமாக உயர்த்தப்பட்டது. பத்து லட்சத்துக்கு இரண்டு லட்சம் என்று கணக்கு.

அதையும் கட்ட இயலாதவர் என்ன செய்வது? வழக்கின் தன்மையைப் பார்த்து 20 சதவீதத்துக்குக் குறைவாகவும் அனுமதிக்கலாம் என்று எல்ஜி எலக்ட்ரானிக்ஸ் வழக்கில் 2018-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியுள்ளது.

செய்ய வேண்டியவை

1. நாமே ரிட்டர்னில் ஒப்புக்கொண்ட வருமானத்துக்கான வரியை முதலில் கட்டிவிட வேண்டும். அது பாக்கி இருந்தால் மேல்முறையீடே ஏற்கப்படாது.
2. 30 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்து, அதன் ரசீதுடன் மதிப்பீட்டு அதிகாரியிடம் எழுத்து மூலம் நிறுத்திவைப்பு மனு கொடுக்க வேண்டும்.
3. மனுவில் மூன்று விஷயங்கள் இருக்கட்டும்: நம் பக்கம் உள்ள நியாயம், பண நெருக்கடி, இப்போதே வசூலித்தால் ஏற்படும் பாதிப்பு. வங்கி அறிக்கை, கடன் விவரங்களை இணைக்க வேண்டும்.
4. வருமான வரி இணையதளத்தில் நிலுவைத் தொகை பகுதியில் 'உடன்பாடில்லை' என்று பதிவு செய்ய வேண்டும்.
5. அதிகாரி மறுத்தால் முதன்மை ஆணையரிடமும், அங்கும் தீராவிட்டால் உயர் நீதிமன்றத்திலும் முறையிடலாம்.

நிறுத்திவைப்பு என்பது தள்ளுபடி அல்ல. மேல்முறையீட்டில் தோற்றால் வரியோடு, இடைப்பட்ட மாதங்களின் வட்டியையும் கட்ட வேண்டும். ஆகவே வழக்கில் வலு இருக்கிறதா என்று முதலிலேயே நேர்மையாகப் பார்த்துக்கொள்வது நல்லது.

வென்றால் கட்டிய பணம் வட்டியுடன் திரும்ப வரும். அந்த வட்டியைச் சொந்தத்துக்குப் பயன்படுத்தாமல், நன்மையை எதிர்பார்க்காமல் ஏழைகளுக்குக் கொடுத்துவிடும்படி உலமாக்கள் பலர் அறிவுறுத்துகின்றனர். உங்கள் ஊர் ஆலிமிடம் விளக்கம் கேட்டுக்கொள்ளுங்கள்.

சிரமத்தில் இருக்கும் கடனாளிக்கு அவகாசம் கொடுக்கும்படி அல்குர்ஆன் (2:280) வழிகாட்டுகிறது. அது மனிதர்களுக்கிடையிலான கடனைப் பற்றியது என்றாலும், நாட்டின் சட்டத்திலும் அவகாசத்துக்கு வழி இருக்கிறது. உண்மையான கணக்கைக் காட்டி அதைக் கேட்பது நமது உரிமை. பொய்க் கணக்கு காட்டி அவகாசம் பெறுவது நமக்கு ஹலால் ஆகாது.

நோட்டீஸ் வந்தால் அதை அலமாரியில் வைத்துவிடாதீர்கள். அன்றே தேதியைக் குறித்து ஆடிட்டரைப் பாருங்கள். அல்லாஹ் நமது சம்பாத்தியத்தில் பரக்கத் செய்வானாக! ஆமீன்.