பாம்பின் குரல் யாருடையது?

நான் பார்க்காத ஒரு படத்தைப் பற்றித்தான் எழுதுகிறேன். இனி யாரும் பார்க்க முடியாது, படச்சுருள் எஞ்சவில்லை. 1921இல் யோகோஹாமாவின் தைகாட்சு நிறுவனம் எடுத்த மௌனப்படம் 'ஜாசெய் நோ இன்'. 'பாம்பின் காமம்' என்று சொல்லலாம். இயக்கியவர், ஹாலிவுட்டில் நடித்துவிட்டு ஊர் திரும்பிய தாமஸ் குரிஹாரா. திரைக்கதை, நாவலாசிரியர் தானிசாகி ஜுனிசிரோ. அது மட்டும் அச்சில் கிடைக்கிறது.

மூலம், 1776இல் வெளியான உவெதா அகினாரியின் 'உகெட்சு மோனோகதாரி'யில் உள்ள கதை. அதற்கும் முன்னால் சீனத்து வெள்ளைப்பாம்புக் கதை இருக்கிறது. மழைக்கு ஒதுங்கிய இளைஞன் மனாகோ என்ற அழகியைச் சந்தித்துக் குடை தருகிறான். அவள் பாம்பு எனப் பிறகு தெரிகிறது. கடைசியில் துறவி ஒருவர் அவளைப் பாத்திரத்தில் அடைத்து மண்ணில் புதைக்கிறார்.

1899இல் படமாக்கப்பட்ட 'மோமிஜிகாரி'யிலும் இளவரசி உருவில் பேய்தான் வருகிறது. ஆனால் நடித்தவர் கபுகி நடிகர் ஒன்பதாம் இச்சிகாவா டான்ஜூரோ. 1920களின் தொடக்கம்வரை ஜப்பானியப் படங்களில் ஒன்னகாதா என்னும் ஆண் நடிகர்களே பெரும்பாலும் பெண் வேடம் கட்டினார்கள். இதை எதிர்த்த 'தூய சினிமா' இயக்கத்தோடு நின்றவர் தானிசாகி. மனாகோவாக நடித்தது ஒரு பெண்.

இதை விடுதலை என்று சொல்லிட்டுப் போயிடலாம். எனக்கு அங்கேதான் உறுத்துகிறது. ஒன்னகாதாவைப் பார்க்கிறவனுக்கு அந்தப் 'பெண்' கட்டப்பட்ட வேடம் என்பது தெரியும். பேயும் அதன்மேல் இன்னொரு வேடம், அவ்வளவுதான். நடிகை வந்ததும் வேடம் மறைந்துபோகிறது. பெண்ணுக்குள் பாம்பு இருப்பது அவளுடைய இயற்கை என்றாகிவிடுகிறது. பெண்ணுடல் திரைக்குள் நுழைந்த கையோடு அதன்மீது சந்தேகமும் நுழைகிறது.

குரலோ இன்னும் வரவில்லை. அரங்கில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொன்னவர்கள் பென்ஷிகள், பெரும்பாலும் ஆண்கள். அகினாரியின் பிரதியில் மனாகோ தன் பக்கத்து நியாயத்தைப் பேசுகிறாள், கெஞ்சுகிறாள். அரங்கில் அந்தப் பேச்சு இன்னொருவர் வாய்க்குப் போய்விட்டது. பென்ஷி வேண்டாம், படமே பேசட்டும் என்று தூய சினிமாக்காரர்கள் சொன்னது அழகியல் பிரச்சினை மட்டும்தானா?

1953இல் மிசோகுச்சி இதே நூலிலிருந்து 'உகெட்சு' எடுத்தார். பாம்பு போய் வகாசா சீமாட்டி என்ற ஆவி வந்தது. பேசும்படம் என்பதால் அவளுக்குச் சொந்தக் குரல் இருந்தது. விரட்டப்படுவது மட்டும் மாறவில்லை. மனாகோவுக்கு அந்தக் குரல்கூடக் கிடைக்கவில்லை. இன்று தானிசாகியின் திரைக்கதையை வாசிக்கிற நாமும் அவள் பேச்சை யார் குரலில் கேட்கிறோம் என்று நம்மையே கேட்டுக்கொள்ள வேண்டியிருக்கிறது.