பம்பர் புராணம்

போன மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. காபியும் பேப்பருமா உட்கார்ந்திருந்தேன். வாசல்ல 'டொக்'னு ஒரு சத்தம். பெருசெல்லாம் இல்லைங்க, தேங்காய் உடைக்கிற அளவுக்குத்தான். எட்டிப் பார்த்தா எங்க கார் பாதி கேட்டுக்கு உள்ளே, பாதி வெளியே. ஸ்டீயரிங்கைப் பிடிச்சபடி அப்பா. பின்பக்க பம்பர் கேட் தூணில் போய்ச் சாய்ந்து நிற்கிறது.

அப்பாவுக்கு 74 வயசு. பொழுதுபோக்குக்குக் கார் ஓட்டினவர் இல்லை, 31 வருஷம் அதுதான் அவருக்குச் சோறு போட்ட தொழில். ஒரு கம்பெனி முதலாளிக்கு அம்பாசடர் ஓட்டினார். "ஒரு கீறல் போட்டதில்லை"ன்னு இதுவரைக்கும் ஆயிரம் தடவை சொல்லியிருப்பார். அன்னிக்கு இறங்கிப் பின்னாடி வந்து பார்த்தார். வலது மூலையில ஒரு சாண் நீளத்துக்கு விரிசல். ஒண்ணும் பேசலை. சாவியைக் கொண்டுபோய் ஃப்ரிட்ஜ் மேல வெச்சுட்டு ரூமுக்குள்ள போயிட்டார்.

தங்கமணி என்னைப் பார்த்தாங்க. நான் பேப்பரைப் பார்த்தேன். 'அப்பா இனிமே ஓட்டணுமா'ங்கிற பேச்சு, அவர் காதுல விழாம எங்க வீட்ல ஒரு வருஷமாவே ஓடிக்கிட்டிருந்தது.

மறுநாள் அப்பாவையும் கூட்டிக்கிட்டு சர்வீஸ் சென்டர் போனேன். பையன் ஒரு பார்வை பார்த்துட்டு, "மாத்திடலாம் சார், பெயிண்ட்டோட சேர்த்து எட்டாயிரத்துச் சொச்சம் வரும்"னான். அப்பா மெதுவா, "ஒடுக்கு எடுத்து டிங்கர் பண்ண முடியாதாப்பா?"ன்னு கேட்டார். "இது பிளாஸ்டிக் தாத்தா, தட்டினா இன்னும் உடையும்"னு சிரிச்சான். அவன் சொன்னதுல தப்பில்லை. ஆனா அப்பா அதுக்கப்புறம் வீடு வர்ற வரைக்கும் வாயே திறக்கலை. சரி, இதை வீட்லயே பார்த்துக்கலாம்னு நான் முடிவு பண்ணினது அந்த ஆட்டோமொபைல் வாசனைக்கு நடுவுலதான்.

இடிபடுறதுக்குன்னே பிறந்த ஒரு சாமான், ஒரு தட்டுக்கே உடையிற மாதிரி எப்போ ஆச்சு? வழக்கம்போல ஆணி புடுங்குற நேரத்துல இதைத் தோண்ட ஆரம்பிச்சேன்.

1897-ல, இன்னிக்கு செக் குடியரசுல இருக்கிற நெஸ்ஸல்ஸ்டார்ஃப் ஊர்ல (பின்னாளில் டாட்ரா கார் வந்த அதே தொழிற்சாலை) செஞ்ச 'ப்ரெஸிடென்ட்' காரின் முன்னாடி ஒரு பம்பர் இருந்தது. பம்பர் மாட்டின முதல் கார்னு பொதுவா இதைத்தான் சொல்றாங்க. அதுக்கப்புறம் இரும்புப் பட்டை வந்தது, 1920-களின் பிற்பகுதியில குரோமியம் முலாம் வந்தது. முலாம் வந்ததும் பம்பர் வேலைக்காரன் மாதிரி இருந்தது போய் மாப்பிள்ளை மாதிரி ஆயிடுச்சு. 1950-களின் காடிலாக் படங்களைப் பாருங்க, முன்னாடி ரெண்டு குரோமியக் கூம்பு நீட்டிக்கிட்டு நிக்கும். இடியைத் தாங்கறதுக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்லை, அத்தனையும் பகட்டு.

இங்கே கொஞ்சம் கொசுவத்தி. அப்பா ஓட்டின அம்பாசடரோட பம்பர் மேல நான் ஏறி நின்னிருக்கேன். ஞாயித்துக்கிழமை முதலாளி அனுமதியோட வண்டியை எங்க தெருவுக்குக் கொண்டுவந்து கழுவுவார். பம்பரைத் துடைக்க மட்டும் தனித் துணி. மூஞ்சி தெரியும் அதுல, கொஞ்சம் அகலமா, சிரிப்பு நடிகர் மாதிரி. நடுவழியில நின்னுபோன இன்னொரு அம்பாசடரை பம்பரோட பம்பர் முட்டுக் குடுத்துத் தள்ளிக்கிட்டே போயிருக்கார் அப்பா. ஒடுக்கு விழுந்தா டிங்கர் சுத்தியலால தட்டி நிமிர்த்திடுவார். அந்த வண்டியோட உற்பத்தி 2014 மே மாசம் உத்தரப்பாராவில் நின்னபோது, அப்பா டிவி செய்தியை முழுசாப் பார்த்துட்டு, "கிளட்ச்தான் கொஞ்சம் கெட்டி"ன்னு மட்டும் சொன்னார்.

புராணத்துக்கு வருவோம். இரும்பு பம்பரோட ராஜ்ஜியத்தை ஆட்டிவெச்சது இன்ஷூரன்ஸ்காரங்க. 1969-ல அமெரிக்காவில் ஹைவே சேஃப்டிக்கான அவங்க அமைப்பு, புதுக் கார்களை மெதுவான வேகத்துல கொண்டுபோய் மோதிப் பார்த்துச்சு. நடந்து போற வேகத்துல இடிச்சாலே செலவு எகிறுதுன்னு காட்டினாங்க. 1973 மாடல் கார்கள்ல இருந்து சட்டம் வந்தது: முன்பக்கம் மணிக்கு 5 மைல், பின்பக்கம் இரண்டரை மைல் வேகத்துல மோதினாலும் விளக்கு மாதிரியான பாதுகாப்பு பாகங்கள் சேதமாகக் கூடாது. அடுத்த வருஷம் பின்பக்கத்துக்கும் 5 மைல். விளைவு? கார்கள் எல்லாம் திண்ணை கட்டின மாதிரி பம்பரோட வர ஆரம்பிச்சுது. எம்ஜிபி-ன்னு ஒரு அழகான பிரிட்டிஷ் ஸ்போர்ட்ஸ் கார். 1974-ல அதுக்கு ஒரு பெரிய கறுப்பு ரப்பர் பம்பரை மாட்டி, உயரத்தையும் ஏத்தி விட்டாங்க. அந்தக் காரின் ரசிகர்கள் இன்னும் அதுக்கு ஆறலை. 1982-ல அமெரிக்க அரசே இறங்கி வந்து அந்த 5 மைலை இரண்டரை மைலாக் குறைச்சிடுச்சு.

இதுக்கு நடுவுலதான் பிளாஸ்டிக் நுழைஞ்சது. 1968 போன்டியாக் ஜிடிஓ காருக்கு 'எண்டுரா'ன்னு ஒரு முன்பக்க பம்பர், உடம்பு நிறத்துலயே, அடிச்சாலும் பழைய வடிவத்துக்குத் திரும்புற மாதிரி. விளம்பரத்துல ஆளுங்க கடப்பாரையால அதை அடிப்பாங்க, ஒண்ணும் ஆகாது. 1972 ஜனவரியில பிரான்ஸ்ல ரெனோ 5 வந்தது. நெருக்கியடிச்சு பார்க்கிங் பண்ற ஊருக்கு ஏத்த மாதிரி, கண்ணாடி இழை கலந்த பாலியஸ்டர் பம்பர் வெச்சு வரைஞ்சவர் மிஷெல் பூவே. கார் எவ்வளவு பெரிய வெற்றின்னு முழுசாப் பார்க்கக் குடுத்து வைக்கலை, அதே வருஷக் கடைசியில இறந்துட்டார். 1977-ல போர்ஷே 928 வந்தப்போ பம்பர் கண்ணுக்கே தெரியலை. நெகிழ்ற பாலியூரித்தேன் தோலுக்குப் பின்னாடி ஒளிஞ்சுக்கிச்சு.

இப்போ நாம பம்பர்னு சொல்றது அந்தத் தோலைத்தான். நிஜ பம்பர் உள்ளே இருக்கிற உலோகச் சட்டம். நாலு ஸ்க்ரூ, ஆறு கிளிப் கழட்டி எங்க கார் தோலை உரிச்சப்போ அப்பாவும் அதைப் பார்த்தார். "அட, இரும்பு உள்ளதான் இருக்கா!"ன்னார். மூணு நாள் கழிச்சு அவர் பேசின முதல் முழு வாக்கியம். சட்டத்துல ஒரு கோணலும் இல்லை. அது வளைஞ்சிருந்தாலோ, மாட்டுற காது உடைஞ்சிருந்தாலோ வீட்டு வைத்தியம் வேண்டாம், நேரா மெக்கானிக்தான். ரிவர்ஸ் சென்சார் இருந்தா அந்த இடத்துல கை வைக்கவும் கூடாது. நம்ம ஊர்ல 2019 ஜூலையில இருந்துதான் அது கட்டாயம், எங்களுது அதுக்கு முந்தின வண்டி.

பக்கத்து வீட்டு நண்பர் வந்து, "இதுக்குத்தான் ஸ்டீல் கார்டு போடச் சொன்னேன்"னார். அது கூடாதுன்னு 2017 டிசம்பர்லயே மத்திய அரசு எல்லா மாநிலங்களுக்கும் எழுதிடுச்சு. நடந்து போறவங்க கால் மேல அந்தக் குழாய் பட்டா நொறுங்கிடும். ஐரோப்பாவில் 2003-லயே பாதசாரிகள் பாதுகாப்புக்கு சட்டம் போட்டு, பம்பர் முழங்காலை என்ன பண்ணுதுன்னு சோதிக்க ஆரம்பிச்சாங்க. நண்பர் நம்பலை, போயிட்டார். ஆனா எனக்கு அந்த சர்வீஸ் சென்டர் பையன் மேல இருந்த கோபம் பாதி குறைஞ்சது இங்கேதான். தூண்ல இடிச்சா உடையிற பொருள், ஆள் மேல இடிச்சா கொஞ்சமாவது விட்டுக்கொடுக்கும் இல்லையா.

சரி, ஒட்டுற கதை. முதல்ல சின்ன டியூப்ல வர்ற உடனடிப் பசையை வெச்சேன். தாமரை இலைத் தண்ணிதான், காய்ஞ்சதும் செதில் செதிலா உதிர்ந்துடுச்சு. பம்பரைத் திருப்பி உள்பக்கம் பார்த்தா, சின்ன எழுத்துல 'பிபி + ஈபிடிஎம் - டி20'ன்னு அச்சு. பிபின்னா பாலிப்ரொப்பிலீன், ஈபிடிஎம் ஒரு ரப்பர். டி20-ன்னதும் கிரிக்கெட்டான்னு கேக்காதீங்க, 20 சதவீதம் டால்க், மாக்கல் பொடி. பாலிப்ரொப்பிலீன் மேல சாதாரணப் பசை எதுவும் லேசுல பிடிக்காது. ஆனா சூடு பண்ணினா உருகும், ஆறினா இறுகும். ரெனோ 5-ல போட்ட பாலியஸ்டருக்கு அந்த பாக்கியம் கிடையாது, அது ஒரு தடவை இறுகினா அவ்வளவுதான்.

"அப்ப குடம் ஒட்டுற மாதிரிதானே?"ன்னார் அப்பா. அடடா! தெருவுல 'பிளாஸ்டிக் குடம் ஒட்டுறது'ன்னு கூவிக்கிட்டு வருவாரே ஒருத்தர், கரியில கம்பியைக் காய வெச்சு, ஒரு துண்டு பிளாஸ்டிக்கை ஓட்டை மேல வெச்சுத் தேய்ப்பாரே! உடனே மாடியில கிடந்த உடைஞ்ச குடத்துல ஒரு பட்டை வெட்டினோம். 60 வாட் சால்டரிங் அயர்ன், ஜன்னல் எல்லாம் திறந்து, மூக்குல மாஸ்க். உருகி அழகா உட்கார்ந்தது. ஆறினதும் நகத்தால நெம்பினேன், அப்படியே தோல் மாதிரி உரிஞ்சு வந்துடுச்சு.

ஏன்னு தேடினப்போதான் இந்தப் புராணத்தோட நாயகர்கள் ரெண்டு பேர் வந்தாங்க. 1953-ல ஜெர்மனியின் மூல்ஹைம் நகரத்துல கார்ல் ஸீக்லர், எத்திலீன் வாயுவைப் பெரிய அழுத்தம் எதுவும் இல்லாம கெட்டி பாலிஎத்திலீனா மாத்தினார். ஊறுகாய் ஜாடி மாதிரி ஒரு கண்ணாடி ஜாடியிலேயே செஞ்சு காட்டினார்னா பாருங்க. நம்ம குடம் பெரும்பாலும் அந்த வம்சம். மிலான்ல பேராசிரியர் ஜூலியோ நாட்டா. ஸீக்லரோட வேலை, அவருக்கு ஆதரவா இருந்த மோன்டெகாட்டினி கம்பெனியோட ஒப்பந்தம் வழியா அவருக்குத் தெரிய வந்தது. அவர் 1954 மார்ச்ல அதே வகை வினையூக்கியை ப்ரொப்பிலீன் மேல போட்டுப் பார்த்தார். பிறந்தது பாலிப்ரொப்பிலீன், நம்ம பம்பர். 1957-ல 'மோப்லென்'ங்கிற பேர்ல வாளியும் கிண்ணமுமா இத்தாலி வீடுகளுக்குள்ள நுழைஞ்சது. தன்கிட்ட சொல்லாமலே நாட்டா காப்புரிமைக்குப் போயிட்டார்னு ஸீக்லருக்கு வருத்தம், நட்பு முறிஞ்சது. 1963-ல நோபல் பரிசை ரெண்டு பேருக்கும் சேர்த்தே கொடுத்தாங்க. அப்போ நாட்டாவுக்கு பார்கின்சன் நோய் முத்தியிருந்தது, உரை நிகழ்த்த மகனும் சக ஊழியர்களும் துணைக்கு நிக்க வேண்டியிருந்தது. (இதுல இன்னொரு வம்பு: ஓக்லஹோமாவில் ஹோகன், பேங்க்ஸ்னு ரெண்டு பேர் 1951-லயே பாலிப்ரொப்பிலீனைப் பார்த்துட்டாங்க. அமெரிக்கக் காப்புரிமை 1983-ல அவங்களுக்குத்தான் போச்சு.)

ஆக, குடமும் பம்பரும் ஒரே வினையூக்கிக் குடும்பம். ஆனா உருக்கிச் சேர்த்தா ஒட்டாது. பங்காளிங்க!

மறுநாள் அப்பாவும் நானும் புதுப்பேட்டை போனோம். உடைஞ்ச பம்பர் துண்டு ஒண்ணு, பின்னாடி அதே எழுத்து இருக்கான்னு பார்த்து, பேரம் பேசி வாங்கினார். விரிசல் முடியுற நுனியில 3 மில்லிமீட்டர் துளை போட்டோம், இல்லைன்னா விரிசல் மேல ஓடிக்கிட்டே இருக்கும். விரிசல் நெடுக உள்பக்கம் பாதி கனத்துக்கு வி மாதிரி பள்ளம். முதல்ல அயர்னால ரெண்டு உதட்டையும் அங்கங்கே தொட்டுச் சேர்த்து, மேல ஸ்டெய்ன்லெஸ் ஸ்டீல் வலையைப் புதைச்சு, அதுக்கு மேல பட்டையை உருக்கி நிரப்பினோம். பக்கச் சுவரையும் சேர்த்து உருக்கணும், சும்மா மேல ஊத்தினா பிடிக்காது. புகை வந்தா கருகுதுன்னு அர்த்தம், கையை எடுத்துடணும். நான் அவசரப்பட்டு ரெண்டு இடத்துல கருக்கினேன். அப்புறம் அயர்னை அப்பா வாங்கிக்கிட்டார்.

கை கொஞ்சம் நடுங்குது அவருக்கு. அன்னிக்குத்தான் அதை நான் கிட்டத்துல பார்த்தேன். மணிக்கட்டை இன்னொரு கையால பிடிச்சுக்கிட்டு, முழு விரிசலையும் நிரப்பி முடிச்சார்.

வெளிப்பக்கமும் அதே வேலை. அப்புறம் 80, 180, 320-ன்னு உப்புத்தாள். பாலிப்ரொப்பிலீனைத் தேய்ச்சா வழவழப்பு வராது, பஞ்சு மாதிரி மயிர் எழும்பும், பொறுமையாத்தான் போகணும். பிளாஸ்டிக்குக்குன்னே விக்கிற பிரைமரை அடிக்காம பெயிண்ட் அடிச்சா உரிஞ்சு வந்துடும். ஸ்ப்ரே பெயிண்ட் நிறம் அரை மாத்து கம்மி, வெயில்ல பார்த்தா தெரியும். ஆயிரத்துக்குள்ள முடிஞ்சது, மூணு சாயங்காலம் போச்சு.

"ஒட்டு தெரியுது"ன்னார் அப்பா.

"மறுபடி அடிக்கலாமா?"

"வேணாம், இருக்கட்டும்."

போன ஞாயித்துக்கிழமை வெளியே கிளம்பினோம். ஃப்ரிட்ஜ் மேல இருந்த சாவியை எடுத்து அவர்கிட்ட நீட்டினேன். வாங்கலை. வேட்டியை மடிச்சுக் கட்டிக்கிட்டு கேட்டுக்கு வெளியே போய் நின்னார். நான் வண்டியை ஸ்டார்ட் பண்ணினேன். "வரட்டும்... வரட்டும்... லெஃப்ட் ஒடி... வரட்டும்"னு தெருவுக்கே கேட்கிற குரல். தூண் பக்கத்துல வந்தப்போ டிக்கி மேல ரெண்டு தட்டு தட்டினார். நிறுத்தினேன்.