தோரு தத்தும் இரு தோழியரும்

கல்கத்தாவில் 1856 இற் பிறந்து, ஆங்கிலத்திற் கவி பாடி, 21 வயதிற் காசநோயால் மறைந்தவர் தோரு தத். அவர் கவிதைகளைவிட நட்புகளே என்னை அதிகம் ஈர்க்கின்றன, நேயர்களே.

பாரிஸ் எழுத்தாளர் கிளரிஸ் பாதரை அவர் நேரிற் கண்டதேயில்லை. நூலொன்றை மொழிபெயர்க்க அனுமதி கேட்டுத் தொடங்கிய கடித உறவு ஓராண்டுகூட நீடிக்கவில்லை. ஆயினும் தோருவின் பிரெஞ்சு நாவல் 1879 இற் பாரிஸில் வெளிவந்தபோது முன்னுரை எழுதியவர் பாதரே.

கேம்பிரிட்ஜ் தோழி மேரி மார்ட்டினோ, தோருவின் கடிதங்களைப் பல்லாண்டுகள் காத்து ஹரிஹர் தாஸிடம் கொடுத்தார். அவை 1921 இல் அச்சேறின. சமஸ்கிருதம் படித்தது, பாக்மாரித் தோட்டம், அக்கா அருவை இழந்த துயர் எல்லாம் அவற்றில் உண்டு.

1981 இல் நூலகத்தைத் தீக்குக் கொடுத்த ஊர் நமது. 1824 இலேயே உடுவிலிற் பெண்களுக்கு விடுதிப் பாடசாலை எழுந்தது. அங்கு படித்த பாட்டிமாரின் கடிதங்கள் எவர் வீட்டுப் பெட்டகத்திலேனும் கிடந்தால், கறையான் முந்துமுன் எடுத்துப் பாருங்கள்.