சேலம் வக்கீலும் நூறு ரூபாயும்

மலர்க் குழுவினர் "வரலாறு ஏதாவது எழுதப்பா" என்று கேட்டபோது, நான் திருவாலங்காட்டுக்காரன் என்பதால் ரத்தின சபையைப் பற்றியோ காரைக்கால் அம்மையாரைப் பற்றியோ எழுதுவேன் என்றுதான் நினைத்திருப்பார்கள். நான் எழுதப்போவது சேலம் வக்கீல் ஒருவரைப் பற்றி. காரணம் இருக்கிறது.

எங்கள் ஊர்ப் பிள்ளைகள் பழையனூர் நீலி கதை கேட்டு வளர்ந்தவர்கள். கையில் குழந்தையோடு வந்து, ஒரு வணிகனைக் காட்டி "இவர்தான் என் புருஷன்" என்று அழுதாள் நீலி. அவன் இல்லை என்று அலறியும், வேளாளர் எழுபது பேர் அவள் கண்ணீரை நம்பி, அவன் உயிருக்குத் தாங்களே ஜாமீன் என்று வாக்குக் கொடுத்தார்கள். விடிந்தால் அவன் பிணம். எழுபது பேரும் தீயில் இறங்கினார்கள். பொய்ச்சாட்சிக்கு என்ன விலை என்று எங்களுக்குச் சின்ன வயசிலேயே தெரியும்.

தெரிந்து என்ன பிரயோஜனம்? சில வருஷங்களுக்கு முன் நான் வேலை பார்த்த இடத்தில், நான் எடுக்காத ஒரு அளவுக்கு நான்தான் பொறுப்பு என்று இரண்டு பேர் எழுதிக் கொடுத்தார்கள். எட்டு மாதம் விசாரணை. கடைசியில் "குற்றம் நிரூபணமாகவில்லை" என்று ஒரே ஒரு வரி. நின்றுபோன இன்க்ரிமென்ட் வரவில்லை. நானும் கேட்கவில்லை. "விட்டுத் தொலைடா" என்றார்கள் நண்பர்கள். விட்டுவிட்டேன். அந்தச் சமயத்தில்தான் சி. விஜயராகவாச்சாரியாரைப் பற்றிப் படித்தேன்.

செங்கற்பட்டுப் பக்கம் பொன்விளைந்த களத்தூரில் 1852-ல் பிறந்தவர். சென்னை மாநிலக் கல்லூரிப் பட்டதாரி. மங்களூரிலும் சேலத்திலும் வாத்தியார் வேலை. பிறகு சட்ட வகுப்புக்கே போகாமல் தானாகப் படித்துப் பாஸ் செய்து சேலத்தில் வக்கீலானார். (அரியர்ஸ் வைத்திருக்கும் தம்பிகள் கவனிக்க!) 1882-ல் நகராட்சி உறுப்பினர்.

அதே வருஷம் ஆகஸ்டில் சேலத்தில் பெரிய கலவரம். ஒரு மசூதி இடிக்கப்பட்டது. தூண்டிவிட்டவர் இவர்தான் என்று வழக்கு. சாட்சிகளும் சொன்னார்கள். பத்து வருஷத் தண்டனை. வயசு முப்பதுதான்! உயர்நீதிமன்றத்தில் அந்தக் குற்றச்சாட்டு நிற்கவில்லை, விடுதலையானார். அந்தமானுக்கு அனுப்பப்பட்டிருந்த மற்றவர்களுக்காகவும் விடாமல் முறையிட்டார்.

நானாக இருந்தால் கோயிலுக்கு ஒரு தேங்காய் உடைத்துவிட்டு வீட்டுக்குப் போயிருப்பேன். அவர் போகவில்லை. கலவரத்தைக் காரணமாக வைத்து அரசாங்கம் அவரை நகராட்சியிலிருந்து நீக்கியிருந்தது. அது அநியாயம் என்று, லண்டனில் உட்கார்ந்திருந்த இந்தியா மந்திரியையே பிரதிவாதியாக்கி வழக்குப் போட்டார்.

இதன் அருமை சுலபமாகப் புரியாது. இங்கிலாந்திலேயே, அரசு செய்த தவறுக்கு நஷ்டஈடு கேட்டு எல்லோரையும் போல வழக்குப் போட 1947-ல் ஒரு சட்டம் வரவேண்டியிருந்தது. இங்கே கம்பெனி ஆட்சி போனபோது வந்த 1858 சட்டத்தில் ஒரு சின்ன வாசல் இருந்தது. சேலத்து இளம் வக்கீல் அதில் நுழைந்தார். 1884-ல் ஜெயித்தார். உறுப்பினர் பதவி திரும்பியது. நஷ்டஈடு 100 ரூபாய். தொகையா பெரிசு? கட்டியது யார் என்பதல்லவா விஷயம்!

பிறகு நடந்ததெல்லாம் பாடப்புத்தகத்தில் வரவேண்டியவை. 1895-ல் சென்னை சட்டசபை உறுப்பினர். 1920 டிசம்பரில் நாகபுரி காங்கிரஸ் தலைவர். காந்திஜியின் ஒத்துழையாமைத் திட்டத்தில் தனக்கு உடன்பாடில்லாததை அந்த மேடையிலேயே மறைக்காமல் சொன்னவர். 'தென்னாட்டுச் சிங்கம்' என்று பெயர். 1944-ல் காலமானார். (1891-ல் அதே நாகபுரியில் தலைமை வகித்த அனந்தாச்சார்லுவும் வக்கீல்தான், சித்தூர் பக்கத்துக்காரர். திருத்தணி தாலுகா 1960 வரை சித்தூர் ஜில்லா என்பதால் அவரை நாங்கள் உள்ளூர்க்காரர் கணக்கில் சேர்த்துக்கொள்வோம்.)

சேலத்திலிருந்து சென்னைக்கு வரும் ரயில்கள் எங்கள் ஊர் ஸ்டேஷனைத் தாண்டித்தான் போகின்றன. 1856-ல் ராயபுரத்திலிருந்து வாலாஜாவுக்குப் போட்ட, தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் பாதை அது. அந்த ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்துதான் போன மாதம் என் மனுவை எழுதி முடித்தேன். நின்றுபோன இன்க்ரிமென்ட்டை வட்டியோடு கேட்டிருக்கிறேன். கொண்டுபோய்க் கொடுத்து, பெற்றுக்கொண்டதாக முத்திரை வைத்த நகலையும் வாங்கிவிட்டேன். தொகையைச் சொன்னால் சிரிப்பீர்கள்.