இரு விதிகள்

பதுளையிலிருந்து ஊவாவின் எத்தோட்டத்துக்குச் சென்றாலும், லயன் முற்றத்தில் பந்தெறிந்து விளையாடும் சிறுவர்களை நாம் காணலாம். முற்றத்தின் விளிம்பிலிருந்து கிடையாக எறியப்பட்ட பந்து சற்றுத் தூரம் பாய்ந்து, வளைந்து, கீழுள்ள தேயிலை நிரைக்குள் விழுகிறது. இவ்வளைவை விளங்கிக்கொள்ள மனித குலத்துக்கு நெடுங்காலம் சென்றது.

எறிந்த விசை உள்ளவரை பொருள் அதன் வழியே செல்லும், விசை தீர்ந்தபின் தன் இயல்பான இடமாகிய நிலத்தை நாடும் என்று அரிஸ்டாட்டில் வழிவந்தோர் பலர் கருதினர். கலிலியோ விடையை ஏடுகளில் தேடவில்லை. வீழ்ச்சியின் விரைவை அளக்க அக்காலக் கருவிகள் போதாமையால், சாய்தளத்தில் பந்தை உருட்டி அவ்வீழ்ச்சியை மெதுவாக்கினார். 1608ஆம் ஆண்டளவில், அவ்வாறு உருண்ட பந்தை மேசை விளிம்பிலிருந்து கிடையாகப் பாயவிட்டு, அது விழுந்த தூரங்களை அளந்தார்.

பந்தில் இரு இயக்கங்கள் ஒருங்கே நிகழ்கின்றன. வளித்தடையை நீக்கிப் பார்த்தால் கிடைவேகம் மாறுவதில்லை. கீழ்நோக்கிய வேகமோ விநாடிக்கு 9.8 மீற்றர் வீதம் கூடிக்கொண்டே போகிறது. முதல் விநாடி முடிவில் பந்து 4.9 மீற்றர் இறங்கியிருக்கும். இரண்டாம் விநாடி முடிவில் 19.6 மீற்றர். இவ்விரண்டும் சேர்ந்து வரைவதே பரவளைவு. கிடையாக எறிந்த பந்தும் அதே உயரத்திலிருந்து கைவிட்ட பந்தும் சமதரையை ஒரே கணத்தில் தொடும். 1633இல் மத நீதிமன்றத்தால் தண்டிக்கப்பட்டு வீட்டுக்காவலில் இருந்த அம்முதியவரின் ஆய்வு, 1638இல் ஒல்லாந்தின் லைடன் நகரில் நூலாக வெளிவந்தது.

புவியீர்ப்பு எதனிடத்தும் பாரபட்சம் காட்டுவதில்லை. மலைமண்ணும் அவ்விதிக்கு உட்பட்டதே. உராய்வும் பிணைப்பும் அம்மண்ணைச் சரிவில் நிறுத்தி வைக்கின்றன. பெருமழை உட்புகுந்து பிணைப்பைத் தளர்த்தும்போது ஈர்ப்பு வெல்கிறது. 2014 ஒக்டோபர் 29ஆம் நாள் காலை கொஸ்லாந்தை மீரியபெத்தையில் நிகழ்ந்தது அதுவே. தொழிலாளர் வாழ்ந்த லயன்கள் மண்ணுள் புதைந்தன. அவ்விடம் ஆபத்தானதென்று தேசியக் கட்டட ஆராய்ச்சி நிறுவனம் முன்னரே எச்சரித்திருந்தது. ஆயினும் அன்று காலையிலும் மக்கள் அச்சரிவிலேயே இருந்தனர்.

இதனை விதியென்று சொல்லி அமைவோர் உளர். மண் சரிந்தது இயற்கையின் விதி. அதன் கீழே லயன்கள் நின்றது மனிதர் செய்த ஏற்பாடு. முன்னதை மாற்ற எவராலும் இயலாது; பின்னதை மாற்ற நம்மால் இயலும். பந்தின் வளைவைக் கற்பிக்கும் ஆசிரியர் இவ்வேறுபாட்டையும் மாணவருக்கு உணர்த்துதல் வேண்டும்.